தொட்டிக்கட்டு வீட்டு வெளிச்சம்

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

சென்ற ஞாயிறு இணைப்பில் ஒளிப்பதிவாளர் பி.சி. ஸ்ரீராம் பற்றி வந்த கட்டுரையை இரண்டு முறை படித்தேன். அவருக்குத் தேசிய விருது வாங்கித் தந்த 'நாயகன்' (1987), அப்புறம் 'மௌன ராகம்', 'அக்னி நட்சத்திரம்' பற்றியெல்லாம் நன்றாகவே எழுதியிருந்தார்கள். ஆனால் எங்கள் பொள்ளாச்சிப் பக்கம் எடுத்த 'தேவர் மகன்' (1992) வந்ததும், ஊரின் பசுமையை அள்ளித் தந்தார் என்று ஒரே வரியில் முடித்துவிட்டார்கள். அதைப் படித்துவிட்டு எழுதாமல் இருக்க முடியவில்லை.

பசுமையை அள்ளித் தந்த படங்கள் எத்தனையோ உண்டு. தென்னந்தோப்பும் வாய்க்காலும் இருக்கிற ஊரில் கேமராவை எங்கே வைத்தாலும் அழகாகத்தான் விழும். 'தேவர் மகன்' என்றால் எனக்கு முதலில் நினைவுக்கு வருவது வீட்டுக்குள் இருக்கும் இருட்டு. வெளியே மழை பெய்ய, அப்பனும் மகனும் பேசிக்கொள்ளும் காட்சியை இன்னொரு முறை பாருங்கள். மழை நாளில் ஒரு பெரிய வீட்டுக்குள் வெளிச்சம் எவ்வளவு வருமோ, அவ்வளவுதான் இருக்கும்.

எங்கள் அம்மிச்சி (அம்மாவின் அம்மா) வீடு, நடுவில் திறந்த முற்றம் வைத்துக் கட்டிய தொட்டிக்கட்டு வீடு. நடுத்தொட்டியில் மேலிருந்து கொட்டுகிற வெயில் ஆசாரத்துக்கு, அதாவது கூடத்துக்கு, வருவதற்குள் பாதியாகிவிடும். உள் அறையில் நெல் மூட்டை இருப்பது கைக்குத்தான் தெரியும். படத்தின் கதை வேறு சீமையில் நடப்பது. இருந்தாலும் அந்த அரை வெளிச்சத்தைத் திரையில் பார்த்தபோது அம்மிச்சி வீட்டுக்குள் நுழைந்த மாதிரி இருந்தது.

பாலக்காட்டுக் கணவாய் வழியாக ஆனி, ஆடியில் மேகம் உள்ளே வந்துவிட்டால், எங்களுக்கு நாள் முழுக்க நிழல் விழாத வெளிச்சம்தான். ஒருமுறை எங்கள் தோப்பில் வேறொரு படத்தின் படப்பிடிப்பு நடந்தது. கேமராமேன் வெளிச்சத்தை அளக்கும் மீட்டரைக் கையில் வைத்துக்கொண்டு, ஒரு மேகம் வரட்டும் என்று ஒரு மணி நேரத்துக்கு மேல் உட்கார்ந்திருந்தார். வெளிச்சத்தைத் திருப்பிவிடும் தெர்மாகோல் பலகையைப் பிடித்திருந்த பையனுக்குக் கை கடுத்துப்போனது. அப்போதெல்லாம் ஃபிலிம்தானே? எடுத்தது எப்படி வந்திருக்கிறது என்று சென்னை லேபில் கழுவிப் பார்த்தால்தான் தெரியும். இருட்டில் எடுக்கிறவருக்கு எவ்வளவு துணிச்சல் வேண்டும் என்று அன்றைக்குத்தான் புரிந்தது.

இன்னொரு வருத்தம். இதே படத்தைச் சமீபத்தில் ஒரு தொலைக்காட்சியில் பார்த்தேன். இருட்டெல்லாம் வெளுத்துப்போய்ச் சாம்பல் பூத்தது போல இருந்தது. புதிதாகப் பார்க்கிற பிள்ளைகள் ஒளிப்பதிவே இவ்வளவுதான் என்று நினைத்துவிடுவார்களே என்று மனசு கேட்கவில்லை.

'நெஞ்சத்தைக் கிள்ளாதே' படத்தின் ஒளிப்பதிவுக்கு விருது வாங்கிய அசோக்குமார், பாரதிராஜா படங்களுக்குக் கண்ணாக இருந்த பி. கண்ணன் ஆகியோரைப் பற்றியும் நீங்கள் எழுத வேண்டும். எழுதும்போது எந்த ஊரில் எடுத்தார்கள் என்பதோடு, எந்த நேரத்து வெளிச்சத்தில் எடுத்தார்கள் என்பதற்கும் ஒரு பத்தி ஒதுக்குங்கள்.

இப்படிக்கு,
ஒரு வாசகர், ஆனைமலை