குடும்பச் சண்டையில் போலீசின் வேலை என்ன?

அன்புள்ள ஆசிரியருக்கு,

வணக்கம். குடும்பத் தகராறுக்குப் போலீஸ் பாதுகாப்பு கேட்டு கோர்ட்டுக்கு வருகிறவர்களைச் சென்ற இதழில் ஒரு வாசகர் கடுமையாகச் சாடியிருந்தார். வீட்டுக்குள் பேசித் தீர்க்க வேண்டியதற்கு நீதிபதி எதற்கு என்பது அவர் கேள்வி. நீதிமன்ற எழுத்தராக இருந்து ஓய்வு பெற்றவன் நான். வீட்டில் பேசித் தீர்ந்திருந்தால் யாரும் அந்தப் படியேற மாட்டார்கள். சொந்தபந்தம் எல்லாம் பேசிப் பார்த்துக் கைவிட்ட பிறகுதான் வருகிறார்கள்.

என் ஆதங்கம் வேறு. காவல் நிலையத்தில் நடக்க வேண்டியது நடப்பதில்லை, நடக்கக் கூடாதது தாராளமாக நடக்கிறது. அடிபட்டு மனுவோடு போகும் பெண்ணுக்கு ஒரு சி.எஸ்.ஆர். ரசீது, அதாவது மனு வந்ததற்கான சீட்டு மட்டும், கிடைக்கும். பிறகு இரண்டு தரப்பையும் வரச்சொல்லி, "அனுசரிச்சுப் போம்மா" என்று அறிவுரை. கடைசியில் 'இனி பிரச்சினை செய்ய மாட்டேன்' என்று வெள்ளைத் தாளில் எழுதி வாங்கி அனுப்பிவிடுவார்கள். நகை யாருக்கு, பிள்ளை யாரிடம், வீட்டில் யாருக்குப் பங்கு என்பதெல்லாம் அந்த மேசையிலேயே முடிவாகிவிடும். அவற்றை முடிவு செய்ய வேண்டியது நீதிமன்றம். அதே பெண், "இன்னைக்கு ராத்திரி அந்த வீட்டுக்குப் போகப் பயமா இருக்கு சார்" என்றால் மட்டும், "குடும்ப விவகாரம், நாங்க என்ன பண்றது?" என்று கையை விரித்துவிடுகிறார்கள்.

குடும்பத் தகராறுகளில் வழக்குப் பதியும் முன் முதற்கட்ட விசாரணை செய்யலாம் என்று லலிதா குமாரி வழக்கில் உச்ச நீதிமன்றம் 2013-இல் சொன்னது உண்மைதான். ஆனால் அது புகாரில் பிடியாணையின்றிக் கைது செய்யத்தக்க குற்றம் தெரிகிறதா என்று பார்ப்பதற்கு மட்டுமே. பஞ்சாயத்து பேச அந்தத் தீர்ப்பு யாருக்கும் அனுமதி தரவில்லை.

2005-ஆம் ஆண்டின் குடும்ப வன்முறைச் சட்டத்தை எடுத்துக்கொள்ளுங்கள். மாஜிஸ்திரேட்டிடம் மனு வந்தால் சாதாரணமாக 3 நாளுக்குள் முதல் விசாரணை, அதிலிருந்து 60 நாளுக்குள் முடிக்க முயல வேண்டும் என்கிறது. அந்தப் பெண்ணைத் துன்புறுத்தக் கூடாது என்று அவர் போடும் பாதுகாப்பு உத்தரவை மீறினால் ஓராண்டு வரை சிறை அல்லது 20,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். அந்தப் பெண்ணுக்குப் பாதுகாப்புக் கொடுக்கும்படி காவல் நிலைய அதிகாரிக்கே மாஜிஸ்திரேட் ஆணையிடலாம். உத்தரவின் நகலை நிலையத்துக்கு இலவசமாகக் கொடுக்க வேண்டும் என்று 24-ஆம் பிரிவு சொல்கிறது. இருந்தும் என்ன? "எங்களுக்கு ஆர்டர் எதுவும் வரலம்மா" என்று நிலையத்தில் திருப்பி அனுப்ப, கையில் நகலும் இடுப்பில் குழந்தையுமாக மறுபடி எங்கள் பிரிவுக்கே வந்து நின்ற பெண்களைப் பார்த்திருக்கிறேன். இதில் நீதிமன்ற அலுவலகங்களின் சுணக்கத்துக்கும் பங்கு உண்டு.

காதல் திருமணம் செய்தவர்கள் நிலை இன்னும் மோசம். சாதி மறுத்து மணந்தவர்களுக்கு மாவட்டந்தோறும் தனிப் பிரிவும் 24 மணி நேர உதவி எண்ணும் வேண்டும் என்று சென்னை உயர் நீதிமன்றம் 2016-இல் உத்தரவிட்டது. பாதுகாப்பு இல்லங்கள் பற்றி உச்ச நீதிமன்றம் சக்தி வாஹினி வழக்கில் 2018-இல் பேசியது. ஆனாலும் பாதுகாப்புக் கேட்டு வரும் ஜோடியை உட்காரவைத்துவிட்டு, முதல் வேலையாகப் பெற்றோருக்குப் போன் போடுகிற வழக்கம் ஒழியவில்லை. இருவரும் மேஜர் என்றால் அங்கே சமரசம் பேச என்ன இருக்கிறது?

போலீசைக் கையில் போட்டுக்கொண்டு அண்ணன் தம்பி சொத்தை அமுக்கப் பார்க்கிறவர்களும் இருக்கிறார்கள், மறுக்கவில்லை. நிலையத்தில் பஞ்சாயத்து கூடாது என்று நான் சொல்வதற்கு அதுவும் ஒரு காரணம்.

பாதுகாப்பு உத்தரவு போட்ட அன்றே அதன் நகல் மின்னஞ்சலில் நிலையத்துக்குப் போக வேண்டும். அந்த வீட்டுக்கு எந்தக் காவலர் எப்போது போய்ப் பார்த்தார் என்று பதிவேட்டில் எழுத வேண்டும். நகை, சொத்து, ஜீவனாம்சம் என்று வருகிறவர்களை இலவச சட்ட உதவி மையத்துக்கு அனுப்ப வேண்டும். பெண்களுக்கு வருமான வரம்பு பார்க்காமலே அங்கே வழக்கறிஞர் வைத்துத் தருவார்கள். இதை ஒவ்வொரு மகளிர் காவல் நிலைய வாசலிலும் எழுதி வைக்கும்படி காவல் துறைத் தலைவர் உத்தரவிட வேண்டும் என்று உங்கள் இதழ் மூலமாகக் கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
ஓய்வு பெற்ற நீதிமன்ற ஊழியர்