தொலைந்த பிரயாணிகள் காசோலைகளுக்குரிய பணத்தை மீளத் தர மறுப்பது பற்றிய முறைப்பாடு

முகாமையாளர் அவர்களுக்கு,

ஐயா,

சென்ற வருடம் ஆனி உத்தரத்துக்குச் சிதம்பரம் போவதற்காக, உங்கள் கொழும்புக் கிளையில் தலா 100 டொலர் பெறுமதியான 7 பிரயாணிகள் காசோலைகளைத் தரகுப் பணமும் கட்டி வாங்கினேன். அவற்றை வைத்திருந்த கைப்பையை அங்கே பேருந்தில் பறிகொடுத்த அன்றே பொலிஸில் முறைப்பாடு எழுதுவித்து, மாலைக்குள் உங்கள் தொலைபேசி இலக்கத்துக்கு அழைத்துக் காசோலை இலக்கங்களை ஒவ்வொன்றாக வாசித்துக் காட்டினேன். ஒரு நாளில் பணம் கிடைக்கும் என்றீர்கள். மூன்று நாள் மடத்தில் காத்திருந்துவிட்டு, ஊரவர் ஒருவரிடம் கடன்பட்டுத்தான் நானும் மனைவியும் திரும்பினோம்.

பதினான்கு மாதங்களின் பின், 'கவனயீனமாக வைத்திருந்ததால் கோரிக்கை நிராகரிக்கப்படுகிறது' என்று இரண்டு வரியில் கடிதம் அனுப்பியிருக்கிறீர்கள். தொலைந்தால் பணம் திரும்பக் கிடைக்கும் என்பதற்காகவே ஒருவர் கைக்காசை விட்டு இந்தக் காசோலையை வாங்குகிறார். அதை விற்கும் உங்களுக்கு இது தெரியாததல்ல. வாங்கும்போது உங்கள் உத்தியோகத்தர் முன்னிலையில் முதற் கையொப்பத்தை இட்டேன். மாற்றும்போது இடவேண்டிய இரண்டாவது கையொப்பத்தை ஒன்றிலேனும் நான் இடவில்லை. பற்றுச்சீட்டை வேறாகத் தேவாரப் புத்தகத்துக்குள் வைத்திருந்தேன். ஒவ்வொரு இடப்பெயர்விலும் காணி உறுதியையும் பிறப்புச் சான்றிதழையும் பொலித்தீன் பையில் சுற்றி இடுப்பில் கட்டிக்கொண்டு நடந்தவர்கள் நாங்கள். கடதாசியின் அருமையை எங்களுக்கு எவரும் படிப்பிக்கத் தேவையில்லை.

இதை எழுதும்போதும் மனம் ஆறவில்லை. இந்தப் பணத்தைக் கேட்டு உங்கள் கொழும்புக் கிளைக்கு மூன்றாவது தடவை வந்தபோது, பரந்தனில் இரவு பஸ் ஏறி, முந்நூறு கிலோமீற்றருக்கு மேல் விழித்திருந்து, கதவு திறக்கும் வரை வாசலில் நின்றேன். கருமபீடத்தில் இருந்தவர் பற்றுச்சீட்டைக் கையாலும் தொடாமல், பேனை முனையால் என் பக்கம் தள்ளிவிட்டு, "வன்னியில் இருக்கிற உங்களுக்கு டொலர்க் காசோலை எதற்கு?" என்று கேட்டார். முப்பத்தொரு வருடம் பிள்ளைகளுக்குக் கணக்குப் படிப்பித்த என்னை, வரிசையில் நின்ற அத்தனை பேரும் திரும்பிப் பார்த்தார்கள். பின்னர் அவர் சாப்பிடப் போய்விட்டார். பிற்பகலில் வந்த மற்றவர், கோப்பு வேறு பிரிவில் இருக்கிறது என்றார். முதற்தடவை வந்தபோது பொலிஸ் முறைப்பாட்டின் மூலப் பிரதியை வாங்கி வைத்துக்கொண்டதும், இரண்டாம் தடவை அதையே மீண்டும் கேட்டதும் அதே கருமபீடத்தில்தான்.

தயவுசெய்து ஒன்றை மட்டும் எழுத்தில் அறியத்தாருங்கள்: அந்த 7 காசோலைகளையும் யாராவது மாற்றினார்களா? மாற்றவில்லையென்றால் என் பணம் இன்றும் உங்களிடமே இருக்கிறது. மாற்றியிருந்தால், இரண்டாவது கையொப்பத்தைக் காட்டுங்கள். என்னுடையதோடு ஒப்பிட்டுப் பார்க்கலாம். கள்ளக் கையொப்பத்துக்குப் பணம் கொடுத்துவிட்டு, அந்த நட்டத்தை என் தலையில் கட்ட முடியாது என்று என் சட்டத்தரணி சொல்கிறார்.

இந்தப் பணம் இல்லாமற் போனதால் காலபோகத்துக்கு மூன்று ஏக்கரும் விதைக்க முடியவில்லை, மனைவியின் காப்பு அடைவில் இருக்கிறது, எங்கள் குடும்பமே நிலைகுலைந்துவிட்டது. 700 டொலருடன், பயணச் செலவுக்கும் மன உளைச்சலுக்குமாக ஐந்து இலட்சம் ரூபா நட்டஈடும் கேட்கிறேன்.

உங்களோடு பகைக்க எனக்கு விருப்பமில்லை. நல்லமுறையில் தீர்த்துத் தந்தால் நன்றியோடு இருப்பேன். ஆனால் 14 நாட்களுக்குள் தமிழில் பதில் வராவிட்டால், 2003ஆம் ஆண்டின் 9ஆம் இலக்கச் சட்டத்தின்படி அமைந்த நுகர்வோர் அலுவல்கள் அதிகார சபைக்கும், அதன்பின் நீதிமன்றத்துக்கும் போவேன். எழுத்திலான ஒப்பந்தத்தின்மேல் வழக்கிட 6 ஆண்டுகள் உண்டு. வயதானவர், களைத்து விட்டுவிடுவார் என்று காத்திருக்க வேண்டாம். பற்றுச்சீட்டின் பிரதியை இணைத்துள்ளேன். மூலப் பிரதியை இனி எவரிடமும் கொடுக்கமாட்டேன்.

இங்ஙனம்,
ஓய்வுபெற்ற ஆசிரியர்,
பரந்தன், கிளிநொச்சி.