ட்வீட் ஹெட்ஸுக்குக் குடிபோன மகளுக்கு

திருச்சி,
10.9.2026

அன்பு மகளுக்கு,

அப்பா எழுதிக்கொள்வது. இங்கு அம்மாவும் நானும் நலம். நீ, மாப்பிள்ளை, பேரன் மூவரும் நலமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். புது வீட்டில் பால் காய்ச்சிய படங்களை அம்மா தெருவில் எல்லோருக்கும் காட்டி முடித்துவிட்டாள்.

நேரக் கணக்கைப் பற்றித் தொலைபேசியில் சொன்னால் பேச்சோடு பேச்சாகப் போய்விடும் என்பதால், நீ எடுத்து வைத்துப் பார்த்துக்கொள்ளும்படி இதை எழுதுகிறேன். நீங்கள் வீடு பிடித்திருக்கும் ட்வீட் ஹெட்ஸ் நியூ சவுத் வேல்ஸ் மாநிலத்தின் வடகோடியில் இருக்கிறது. உன் அலுவலகம் இருக்கும் கூலங்கட்டாவோ தெருவைத் தாண்டினால் வந்துவிடும் குவீன்ஸ்லாந்து மாநிலம். நீங்கள் குடிபோனபோது அங்கே குளிர்காலம் என்பதால் இரண்டு பக்கமும் இதுவரை ஒரே மணியைத்தான் காட்டின. வருகிற அக்டோபர் 4, ஞாயிற்றுக்கிழமை அதிகாலை 2 மணிக்கு நியூ சவுத் வேல்ஸ் தன் கடிகாரத்தை 3 மணிக்குத் தள்ளி வைக்கும், குவீன்ஸ்லாந்து தள்ளாது. அடுத்த ஆண்டு ஏப்ரல் முதல் ஞாயிறு வரை, அதாவது ஏப்ரல் 4ஆம் தேதி அதிகாலை 3 மணியைத் திரும்ப 2 மணியாக்கும் வரை, உன் வீடு உன் அலுவலகத்தைவிட ஒரு மணி நேரம் முன்னால் இருக்கும். ஆறு மாதம் இரண்டு நேரங்களுக்கு நடுவில் குடும்பம் நடத்தப்போகிறாய் என்பதால், இதை இப்போதே ஒழுங்கு செய்துகொள்வது நல்லது.

ஏன் இப்படி என்று நீ போன வாரம் கேட்டாய். ஆஸ்திரேலியாவின் தென்கிழக்கு மாநிலங்கள் பலவும் 1971ஆம் ஆண்டுக் கோடையில், கடிகாரத்தை ஒரு மணி நேரம் முன்னே தள்ளிவைக்கும் டேலைட் சேவிங் முறையைத் தொடங்கியபோது குவீன்ஸ்லாந்தும் சேர்ந்துகொண்டது, ஆனால் ஒரு கோடையோடு விட்டுவிட்டது. பிறகு 1989 முதல் மூன்று கோடைகள் சோதனையாக நடத்திப் பார்த்து, 1992 பிப்ரவரியில் மக்களிடமே வாக்கெடுப்பு வைத்தார்கள், 54.5 சதவீதம் பேர் வேண்டாம் என்றார்கள். அந்த மாநிலத்தின் பெரும்பகுதி வெப்ப மண்டலத்தில் கிடக்கிறது, அங்கே கோடைப் பகலுக்கும் குளிர்காலப் பகலுக்கும் நீளத்தில் பெரிய வேறுபாடு கிடையாது. மேற்கேயும் வடக்கேயும் வெயிலோடு உழைக்கிற விவசாயிக்கு மாலை வெயில் இன்னும் ஒரு மணி நேரம் நீள்வதில் என்ன லாபம்? தென்கிழக்கு மூலையில் இருக்கும் உங்களுக்கு நியாயம் வேறு மாதிரி தெரியும். டிசம்பரில் கூலங்கட்டாவில் அதிகாலை ஐந்து மணிக்கு முன்பே சூரியன் உதித்துவிடுகிறது. இரு தரப்பிலும் நியாயம் இருப்பதால்தான் பேச்சு இன்னும் ஓயாமல் நடக்கிறது என்று நினைக்கிறேன். அது நம் கையில் இல்லை. நம் கையில் இருப்பது கணக்கு மட்டும்.

முதலில் பேரனின் பள்ளி. பள்ளி ட்வீட் ஹெட்ஸில், காலை 9 மணிக்குத் திறக்கிறது. உன் வேலை கூலங்கட்டாவில் காலை 8 மணிக்கு ஆரம்பம். இப்போது நீ போய் ஒரு மணி நேரம் கழித்துத்தான் பள்ளி திறக்கிறது, அதனால் மாப்பிள்ளை கொண்டுபோய் விடுகிறார். அக்டோபர் 5 திங்கட்கிழமை முதல் கணக்குப்படி பள்ளியின் 9 மணியும் உன் அலுவலகத்தின் 8 மணியும் ஒரே கணம் ஆகிவிடும். காலையில் அதனால் புதிய சிரமம் ஒன்றும் இல்லை. சிரமம் மாலையில் இருக்கிறது. உன் வேலை குவீன்ஸ்லாந்து நேரப்படி 4 மணிக்கு முடியும்போது வீட்டுப் பக்கம் 5 மணி ஆகியிருக்கும். பள்ளிக்குப் பிந்தைய காப்பகம் 6 மணிக்கு மூடுகிறது என்றாய். இப்போது உனக்கு இரண்டு மணி நேரம் கையில் இருக்கிறது, அக்டோபரிலிருந்து ஒன்றுதான். அலுவலகத்தில் அரை மணி நேரம் கூடுதலாக உட்கார்ந்தால் காப்பகத்துக்கு ஓடவேண்டியிருக்கும். வேலை நேரத்தை அரை மணி முன்னதாகத் தொடங்கி முன்னதாக முடிக்க முடியுமா என்று மேலதிகாரியிடம் இப்போதே கேட்டுவிடு. எல்லைப் பகுதி அலுவலகம் என்பதால் இந்தக் கோரிக்கை அவர்களுக்குப் புதிதாக இருக்காது.

இனி அப்பாவின் தொழிலிலிருந்து ஒன்று சொல்கிறேன். ரயில்வே கண்ட்ரோல் அலுவலகத்திலிருந்து தினமும் மாலை 16 மணிக்கு எல்லா ஸ்டேஷன்களுக்கும் டைம் சிக்னல் கொடுப்போம். ஒவ்வொரு ஸ்டேஷன் மாஸ்டரும் அந்தக் கணத்தில் தன் கடிகாரத்தைச் சரிபார்த்து, வித்தியாசம் இருந்தால் திருத்தி, பதிவேட்டில் எழுதுவார். ஸ்டேஷன் கடிகாரம் தவறாக ஓடலாம், கண்ட்ரோல் கடிகாரத்தின் பேச்சு மாறாது. ஒற்றைத் தண்டவாளத்தில் எதிரெதிரே வண்டிகளை விடுகிற தொழிலில் அந்த ஒரு கடிகாரம்தான் அடித்தளம். இந்தியாவுக்கே ஒரு நேரம் வருவதற்கு முன், 19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில், பம்பாய்க்கு ஒரு நேரமும் கல்கத்தாவுக்கு ஒரு நேரமும் இருந்தபோது, ரயில்கள் இரண்டுக்கும் இடைப்பட்ட மெட்ராஸ் நேரத்தை வைத்துத்தான் ஓடின. கிரீன்விச்சுக்கு 5 மணி 21 நிமிடம் 14 வினாடி முன்னால் இருந்த அந்த நேரம் மெட்ராஸ் வானியல் நிலையத்தில் கணிக்கப்பட்டது. 1906இல் ஐந்தரை மணி கொண்ட இந்திய நேரம் வந்த பிறகும் கல்கத்தா 1948 வரையும் பம்பாய் 1955 வரையும் தங்கள் ஊர் நேரத்தை விடவில்லை. அப்படிப்பட்ட ஊர்களுக்கிடையே அட்டவணை போட்டவர்கள் கடைப்பிடித்த முறையைத்தான் உனக்கும் சொல்கிறேன்: ஊருக்கு ஊர் நேரடியாகக் கூட்டிக் கழிக்காதே. மாறாத ஒரு நேரத்தை நடுவில் வைத்துக்கொண்டு, எல்லாவற்றையும் முதலில் அதற்கு மாற்றி, பிறகு அங்கிருந்து வேண்டிய ஊருக்கு மாற்று.

உனக்கு அந்த மாறாத நேரம் பிரிஸ்பேன். ஆண்டு முழுவதும் அது உலக நேரத்துக்குப் பத்து மணி முன்னால். இந்திய நேரத்துக்கு நாலரை மணி முன்னால். இந்தியாவும் கடிகாரத்தைத் தொடுவதில்லை, குவீன்ஸ்லாந்தும் தொடுவதில்லை என்பதால் இந்த நாலரை எந்த மாதத்திலும் பொய்க்காது. பெர்த் எப்போதும் பிரிஸ்பேனுக்கு இரண்டு மணி பின்னால், டார்வின் எப்போதும் அரை மணி பின்னால். சிட்னி, மெல்பர்ன், உன் வீடு ஆகிய மூன்றும் குளிர்காலத்தில் பிரிஸ்பேனோடு சமம், கோடையில் ஒரு மணி முன்னால். இவ்வளவு மனத்தில் நின்றால் போதும்.

அடிலெய்டை மட்டும் தனியாக எடுத்துச் சொல்ல வேண்டும், ஏனென்றால் அங்கே இருக்கும் குழுவோடுதான் நீ வாராவாரம் பேசுகிறாய். பிரிஸ்பேனுக்கும் அடிலெய்டுக்கும் வித்தியாசம் அரை மணி என்று உன் அலுவலகத்தில் எல்லோருக்கும் தெரிந்திருக்கும். அரை மணி என்பது இரண்டு பருவத்திலும் உண்மைதான், திசைதான் மாறுகிறது. குளிர்காலத்தில் அடிலெய்டு பிரிஸ்பேனுக்கு அரை மணி பின்னால். கோடையில் தென் ஆஸ்திரேலியாவும் கடிகாரத்தை ஒரு மணி தள்ளுவதால், மேற்கே இருக்கும் அடிலெய்டு கிழக்கே இருக்கும் பிரிஸ்பேனைவிட அரை மணி முன்னால் போய்விடுகிறது. அடிலெய்டில் காலை 10 மணிக்கு நடக்கும் கூட்டம் இப்போது உன் அலுவலகக் கடிகாரத்தில் 10:30. அக்டோபர் 5 முதல் அதுவே 9:30. பழைய நினைப்பில் 10:30க்குப் போய் உட்கார்ந்தால் ஒரு மணி நேரக் கூட்டம் அப்போது முடிந்திருக்கும். வீட்டிலிருந்து பேசும் நாளில் மட்டும் அது இரண்டு பருவத்திலும் 10:30 ஆகவே இருக்கும், ஏனென்றால் உன் வீடும் அடிலெய்டும் சேர்ந்து நகர்கின்றன. வீட்டில் சரியாக இருந்தது அலுவலகத்தில் ஏன் தவறுகிறது என்று ஒருவர் குழம்பினால் அதில் வியப்பில்லை.

எனவே எழுதும்போது நேரத்தோடு ஊரின் பெயரையும் சேர்த்து எழுது. "வியாழன் 9:30, பிரிஸ்பேன் நேரம், 10:00, அடிலெய்டு நேரம்" என்று இரண்டையும் ஒரே வரியில் எழுதிவிடு. படிப்பவர் தன் ஊரைப் பார்த்துக்கொள்வார். நீ கணக்கில் தவறியிருந்தாலும் இரண்டில் ஒன்று இடித்துக் காட்டிவிடும். ஏ.இ.எஸ்.டி., ஏ.இ.டி.டி. என்ற சுருக்கங்களை நம்பாதே. முதலாவது பிரிஸ்பேனின் மாறாத நேரம், இரண்டாவது சிட்னி, மெல்பர்னின் கோடை நேரம். ஆனால் கோடையிலும் பழக்க தோஷத்தில் ஏ.இ.எஸ்.டி. என்று போட்டுவிட்டுச் சிட்னி நேரத்தை மனத்தில் வைத்திருப்பவர்கள் நிறைய. அப்படி ஒரு கடிதம் வந்தால் "எந்த ஊர் நேரம்?" என்று ஒரு வரி எழுதிக் கேட்டுவிடுவதில் எந்தக் குறைவும் இல்லை.

கைப்பேசியையும் கவனிக்க வேண்டும். எல்லையோரத்தில் அது அக்கரைக் கோபுரத்தின் சமிக்ஞையைப் பிடித்து, தானாகவே ஒரு மணி நேரம் மாறிவிடக்கூடும். தலைமாட்டில் வைத்த அலாரம் அப்படி மாறினால் நாளே கெட்டுப்போகும். நேர மண்டலத்தைத் தானாக மாற்றும் வசதியை நிறுத்திவிட்டு, சிட்னி என்று நீயே தேர்ந்தெடுத்து வை. கூடவே உலகக் கடிகாரத்தில் பிரிஸ்பேனையும் அடிலெய்டையும் சேர்த்துக்கொள். நாட்காட்டியில் அலுவலகக் கூட்டம் பதியும்போது அந்தக் கூட்டத்துக்குப் பிரிஸ்பேன் மண்டலம் என்று குறித்துவிடு. வீட்டிலும் ஒன்று செய்யலாம்: சமையலறைச் சுவர்க் கடிகாரம் வீட்டு நேரம் காட்டட்டும், உன் கைக்கடிகாரம் அலுவலக நேரம் காட்டட்டும். பேரனுக்கு இரண்டையும் காட்டிச் சொல்லிக்கொடு. குழந்தைகள் இதை நம்மைவிட விரைவாகப் பிடித்துக்கொள்வார்கள். புத்தாண்டு இரவில் ட்வீட் ஹெட்ஸில் ஒருமுறையும், தெருவைத் தாண்டிக் கூலங்கட்டாவில் ஒரு மணி கழித்து மறுமுறையும் வரவேற்க முடியும் என்று சொன்னால் அவனுக்கு மறக்கவே மறக்காது.

பயணச்சீட்டில் அச்சிடும் நேரம் எப்போதும் அந்தந்த ஊரின் நேரம். கோல்ட் கோஸ்ட் விமான நிலையத்தின் ஓடுதளம் மாநில எல்லையைத் தாண்டி நியூ சவுத் வேல்ஸுக்குள் நீண்டாலும், நிலையம் இயங்குவது குவீன்ஸ்லாந்து நேரத்தில்தான். உன் வீட்டிலிருந்து சில கிலோமீட்டர் என்பதால் வீட்டு நேரத்தில் நினைத்துவிடாதே. சிட்னிக்கு ஏறத்தாழ ஒன்றரை மணி நேரப் பயணம். கோடையில் 9:00க்குப் புறப்பட்டால் சீட்டில் 11:30க்குச் சேரும் என்று இருக்கும், திரும்பும்போது 9:00க்குப் புறப்பட்டு 9:30க்குச் சேரும் என்று இருக்கும். இரண்டும் சரியே. பயண நேரத்தைத் தெரிந்துகொள்ள இரண்டையும் பிரிஸ்பேனுக்கு மாற்றிய பிறகே கழிக்க வேண்டும். சிட்னி–பிரிஸ்பேன் ரயிலும் சிட்னிக் கடிகாரத்தை ஒட்டியே ஓடுவதால் கோடையில் பிரிஸ்பேனிலிருந்து ஒரு மணி முன்னதாகப் புறப்படுகிறது. அதை அட்டவணையில் தனியாகக் குறித்திருப்பார்கள், பார்த்துக்கொள்.

நம் ஞாயிற்றுக்கிழமைப் பேச்சை அக்டோபரிலிருந்து ஒரு மணி முன்னே நகர்த்தலாம். இப்போது இங்கு மாலை 4 மணி என்றால் அங்கு இரவு 8:30. அப்படியே விட்டால் 9:30 ஆகிவிடும், பேரன் தூங்கிப்போவான். அதனால் இங்கு 3 மணிக்கு அழைக்கிறோம். தீபாவளி நவம்பர் 8, அதுவும் ஞாயிறாக வருகிறது. நாங்கள் அதிகாலை 4:30க்கு எண்ணெய் தேய்த்துக் குளிக்கும்போது உங்கள் வீட்டில் காலை 10 மணி. கேமராவைப் போட்டு வை, அம்மா உங்கள் எல்லோருக்கும் இங்கிருந்தபடியே ஆசி சொல்வாள்.

டிசம்பரில் அம்மா வருவதற்கு டிக்கெட் எடுக்கும்போது இரண்டைக் கவனி. திருச்சியிலிருந்து சிங்கப்பூர் போகும் விமானம் நள்ளிரவு தாண்டிப் புறப்படுவதாக இருந்தால், சீட்டில் 12ஆம் தேதி 00:30 என்று இருந்தாலும் நாங்கள் வீட்டை விட்டுக் கிளம்ப வேண்டியது 11ஆம் தேதி இரவு. இந்த ஒரு தேதிக் குழப்பத்தில் வண்டியைத் தவறவிட்ட பயணிகளை நான் நிறையப் பார்த்திருக்கிறேன். இரண்டாவது, பிரிஸ்பேனில் இறங்கும் நேரம் இரவு 7 மணி என்று போட்டிருந்தால் உன் சமையலறைக் கடிகாரம் அப்போது 8 காட்டும். அழைத்துவர எப்போது கிளம்புவது என்பதை உன் கைக்கடிகாரத்தைப் பார்த்து முடிவு செய்யும்படி மாப்பிள்ளையிடம் சொல்லிவிடு. தேதியும் விமானமும் முடிவானதும் மூன்று ஊர் நேரத்தையும் ஒரே தாளில் எழுதி, எனக்கு ஒரு பிரதி அனுப்பு. நானும் கூட்டிப் பார்த்துவிடுகிறேன்.

அன்புடன்,
அப்பா