டெலிகிராமில் எடுத்துக்கொள்ளச் சொல்லலாமா?

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற ஞாயிறு மலரில், பள்ளி விடுமுறையில் பிள்ளைகளுக்கு என்ன படிக்கக் கொடுக்கலாம் என்ற கட்டுரையைப் படித்தேன். பாதிவரை நன்றாகத்தான் போனது. அப்புறம் ஒரு வரி: "தமிழ் காமிக்ஸ் எல்லாம் டெலிகிராமில் இலவசமாகவே கிடைக்கின்றன, காசு கொடுத்து வாங்கத் தேவையில்லை." அதற்கு மேல் எனக்குப் படிக்க மனம் வரவில்லை. எழுதியவர் இளையவராக இருக்கலாம், தெரியாமல் எழுதியிருக்கலாம். அதைப் படித்துப் பார்த்து அச்சுக்கு அனுப்பியவர் நீங்கள். பதிப்புரிமை பற்றி உங்களுக்கு நான் சொல்லித்தர வேண்டியதில்லை. உங்கள் செய்தியை வேறொருவர் அப்படியே எடுத்துப் போட்டபோது தலையங்கத்திலேயே கண்டித்தீர்கள். அன்று நான் உங்கள் பக்கம் நின்றேன்.

என் அப்பா இங்கே பினாங்கில் மார்க்கெட் தெருவில் பத்திரிகைக் கடை வைத்திருந்தவர். 1972இல் சிவகாசியிலிருந்து முத்து காமிக்ஸ் வரத் தொடங்கிய பிறகு, இரும்புக்கை மாயாவி அட்டையைக் கடை வாசலில் கயிறு கட்டித் தொங்கவிடுவார். பையன்கள் நின்றபடியே பாதிப் புத்தகத்தை முடித்துவிடுவார்கள். விரட்டமாட்டார். "படிக்கட்டும், அடுத்ததை வாங்குவான்" என்பார். ஆனால் ஒருவர் அதே புத்தகத்தைக் கட்டுக் கட்டாக நகலெடுத்துப் பக்கத்துச் சந்தில் விற்க ஆரம்பித்தபோது அப்பா அவரோடு பேச்சையே நிறுத்திவிட்டார். விற்காமல் கிடந்த இதழ்களுக்கும் பணம் கட்டியவர் அப்பாதான்.

இப்போது நடப்பது அதேதான், கடைச் சந்து மட்டும் கைப்பேசிக்குள் வந்துவிட்டது. முத்து காமிக்ஸும், 1984இல் தொடங்கிய லயன் காமிக்ஸும் இன்றைக்கும் சிவகாசியிலிருந்து வருகின்றன. டெக்ஸ் வில்லர், லக்கி லூக் என்ற கௌபாய் நாயகர்களின் கதைகளுக்கு ஐரோப்பியப் பதிப்பாளர்களிடம் உரிமை பெற்று, மொழிபெயர்த்து, அச்சடித்து அனுப்புகிறார்கள். அவர்களைத் தாங்கி நிற்பது சந்தா கட்டும் ஒரு சிறு கூட்டம். புத்தகம் சந்தாதாரர் கைக்கு வந்த சூட்டோடு யாரோ ஸ்கேன் செய்து ஏற்றிவிடுகிறார்கள். தமிழில் ஏன் காமிக்ஸ் அதிகம் வருவதில்லை என்று கேட்பவர்களும் அவர்களேதான்.

"பழசுதானே, இப்போது யாருக்குச் சொந்தம்?" என்று இதற்குள் யாராவது உங்களிடம் கேட்டிருப்பார்கள். இரும்புக்கை மாயாவியையே எடுத்துக்கொள்ளுங்கள். அதன் மூலமான 'தி ஸ்டீல் கிளா' என்ற ஆங்கிலத் தொடர் அடங்கிய பழைய இதழ்களின் உரிமையை ரெபெல்லியன் என்ற பிரிட்டிஷ் நிறுவனம் 2018இல் விலை கொடுத்து வாங்கியது. அதை வரைந்த ஸ்பானிய ஓவியர் ஹெசூஸ் பிளாஸ்கோ இறந்தது 1995இல்தான். நம் மலேசிய நாட்டின் 1987ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டமோ படைத்தவர் மறைந்து 50 ஆண்டுகள் வரை காப்பு தருகிறது. கணக்கு நீங்களே போட்டுப் பார்க்கலாம்.

உங்கள் கட்டுரையை நம்பி என் மருமகள் பேரனுக்காகத் தேடினாள். வந்து நின்ற பக்கத்தில் பச்சை நிறத்தில் மூன்று டவுன்லோட் பொத்தான்கள். ஒன்றைத் தொட்டால் சூதாட்ட விளம்பரம், அதில் அரைகுறை உடையில் ஒரு பெண். இன்னொன்றைத் தொட்டால், கைப்பேசியில் செயலியை நிறுவும் ஏதோ ஏபிகே கோப்பு தானாக இறங்குகிறது. அந்த ஏபிகே கோப்புகளால் வங்கிக் கணக்கே காலியாகிறது என்று போலீஸ் திரும்பத் திரும்ப எச்சரிப்பதை உங்கள் பத்திரிகையிலேயே படித்திருக்கிறேன். ஒன்பது வயதுப் பிள்ளை பக்கத்தில் உட்கார்ந்து எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருந்தான்.

மனத்தில் இருப்பதையும் சொல்லிவிடுகிறேன். காமிக்ஸ் படித்தால் பிள்ளைகளின் தமிழ் கெட்டுப்போகும் என்று முன்பு இதே மலரில் ஒருவர் எழுதினார். நான் மறுப்பு எழுதினேன். வெளிவரவில்லை, சரி என்று விட்டுவிட்டேன். என் அக்கா மகள் பொங்கலுக்கு ஒரு படம் வரைந்து அனுப்பினாள். வெளியிட்டீர்கள், நன்றி. ஆனால் அவள் கையெழுத்துப் போட்டிருந்த வலது மூலையை வெட்டிவிட்டீர்கள், பெயரும் இல்லை. அந்தப் பக்கத்தை அவள் இன்னும் எடுத்து வைத்திருக்கிறாள். யாரிடமும் காட்டுவதில்லை. வரைபவர்களுக்கு நம்மிடையே இவ்வளவுதான் மரியாதையா, ஐயா?

காசில்லாத குடும்பங்கள் என்ன செய்யும் என்று நீங்கள் கேட்டால், அது நியாயமான கேள்வி. முறையாகவே இலவசமாகக் கிடைப்பவை நிறைய இருக்கின்றன. பிரதம் புக்ஸ் நிறுவனம் 2015இல் தொடங்கிய ஸ்டோரிவீவர் தளத்தில் தமிழிலேயே படக்கதைகள் குவிந்து கிடக்கின்றன, இறக்கிக்கொள்ளவும் அனுமதி உண்டு. ஜப்பானியக் காமிக்ஸ் பிடித்த பெரிய பிள்ளைகளுக்கு, ஷூயெய்ஷா பதிப்பகமே நடத்தும் மங்கா பிளஸ் இருக்கிறது. அதில் பல தொடர்களின் முதல் சில அத்தியாயங்களையும் புதிய அத்தியாயங்களையும் ஆங்கிலத்தில் இலவசமாகப் படிக்கலாம். வெப்டூன் செயலியிலும் இலவசத் தொடர்கள் ஏராளம், வயதைப் பார்த்துத் தேர்ந்தெடுத்துக் கொடுக்க வேண்டும். உரிமைக் காலம் முடிந்த பழைய அமெரிக்கக் காமிக்ஸுக்கு டிஜிட்டல் காமிக் மியூசியம் என்ற இணையதளம். நம் ஊரிலேயே கிரீன் லேனில் பினாங்கு டிஜிட்டல் நூலகம் இருக்கிறது, உறுப்பினரானால் மின்நூல்களை இரவல் வாங்கலாம். கட்டுரை எழுதியவர் இதில் ஒன்றைக்கூடச் சொல்லவில்லையே என்பதுதான் என் வருத்தம். வரைந்தவரோ பதிப்பாளரோ தாமே போட்டிருக்கிறார்களா என்று ஒரு நிமிடம் பார்த்தால் போதும், எது முறையானது என்று பெரும்பாலும் தெரிந்துவிடும்.

நான் கேட்பது பெரிதல்ல. வரும் ஞாயிறு மலரில் அந்த வரிக்கு ஒரு திருத்தம் போடுங்கள், மேலே சொன்ன இடங்களின் பெயர்களோடு. சிறுவர் பக்கத்துக்குப் படக்கதை வேண்டுமென்றால், பிரெஞ்சு ஓவியர் டேவிட் ரெவோய் தம் பெப்பர் அண்ட் கேரட் தொடரை, தம் பெயரைக் குறிப்பிட்டு யாரும் மொழிபெயர்த்து வெளியிடலாம் என்ற உரிமத்தோடுதான் இணையத்தில் வைத்திருக்கிறார். தமிழாக்கத்துக்கு ஆள் இல்லையென்றால் நான் செய்து தருகிறேன், சன்மானம் வேண்டாம். அவர் பெயரை மட்டும் வெட்டிவிடாதீர்கள்.

இப்படிக்கு,
நெடுநாள் வாசகி,
ஜார்ஜ் டவுன், பினாங்கு