ஃபேன்டஸி ஆப் மூடியாச்சு, காசு மட்டும் இன்னும் போய்க்கொண்டிருக்கிறது: காட்பாடியிலிருந்து ஒரு திறந்த மடல்

பெறுநர்: தலைவர் மற்றும் உறுப்பினர்கள், தமிழ்நாடு இணையவழி விளையாட்டு ஆணையம், சென்னை

ஐயா, அம்மா, வணக்கம்.

காட்பாடியில் செல்போன் கடை வைத்திருக்கிறேன். ரீசார்ஜ், சிம், டெம்பர் கிளாஸ், டிஸ்ப்ளே மாற்றுவது, பணம் அனுப்பிக் கொடுப்பது எல்லாம் நடக்கிற சின்னக் கடை. சட்டம் படித்தவன் இல்லை. நீங்கள் கண்காணிக்கும் தொழிலின் காசு எங்கள் ஊரில் எந்தக் கை மாறிப் போகிறது என்பதைக் கல்லாவுக்குப் பின்னால் உட்கார்ந்தபடி பார்த்துக்கொண்டிருப்பவன், அவ்வளவுதான்.

உங்கள் விதிகள் எல்லாம் கம்பெனிகளைப் பார்த்து எழுதப்பட்டவை. 2025 ஆகஸ்டில் மத்தியத் தடை வந்ததும் கம்பெனிகள் கடையைச் சாத்திவிட்டன. இப்போது ஆட்டம் நடத்துபவனுக்குக் கம்பெனியும் இல்லை, முகவரியும் இல்லை. எங்கள் பிள்ளைகளின் பேங்க் கணக்குகள்தான் அவனுக்குக் கல்லாப்பெட்டி. உங்கள் வேலை இனி அங்கேதான் இருக்கிறது என்று சொல்லத்தான் எழுதுகிறேன்.

முதலில் இந்த ஃபேன்டஸி எப்படி வளர்ந்தது என்று நான் பார்த்ததைச் சொல்கிறேன். நிஜ மேட்சில் ஆடுகிறவர்களை வைத்து ஆப்பில் நாமே ஒரு டீம் போட்டு, காசு கட்டி, அவர்கள் ஆடுவதற்கு வரும் பாயின்ட்டை வைத்து ஜெயிப்பதுதான் ஃபேன்டஸி. ட்ரீம் லெவன் 2008-ல் ஆரம்பித்த கம்பெனி. எங்கள் பக்கம் பெயர் பரவியது, 2018-ல் தோனியை விளம்பரத்துக்குப் பிடித்த பிறகுதான். 2020-ல் ஐபிஎல் பட்டத்துக்கே 222 கோடி ரூபாய் கொடுத்துப் பெயரை ஒட்டினார்கள். 2023-ல் இந்திய அணியின் சட்டையிலேயே ஏறிவிட்டார்கள். நாட்டுக்காக ஆடுகிறவன் நெஞ்சில் இருக்கிற பெயரைச் சூதாட்டம் என்று பதினெட்டு வயசுப் பையனிடம் சொன்னால் எப்படி நம்புவான்?

ஐபிஎல் நடக்கும் நாட்களில் சாயங்காலம் ஏழு மணிக்குக் கடைக்கு வந்து பார்த்திருக்க வேண்டும். ஏழுக்கு டாஸ், ஏழரைக்கு முதல் பந்து. டாஸ் போட்டு லெவன் அறிவித்தவுடன் அந்த அரை மணி நேரத்துக்குள் டீமை மாற்றியாக வேண்டும். ஒவ்வொரு ஆட்டக்காரருக்கும் கிரெடிட் கணக்கில் ஒரு விலை, நூறு கிரெடிட்டுக்குள் பதினோரு பேர். கேப்டனுக்கு இரண்டு மடங்கு பாயின்ட், வைஸ் கேப்டனுக்கு ஒன்றரை மடங்கு. “ண்ணா, நெட் கார்டு போடு, சீக்கிரம்”, “ண்ணா, இந்தா காசு, ஒரு முன்னூறு ஜிபே பண்ணு” என்று நிற்பார்கள். ஷூ கம்பெனிப் பையன், ஆட்டோ ஓட்டுபவர், காலேஜ் பையன்கள், ஒரு தடவை கோயில் குருக்கள்கூட. நாற்பத்தொன்பது ரூபாய் மெகா கான்டெஸ்ட்தான் எல்லோருக்கும் வாசல். முதல் பரிசு கோடியில். ஏழரை ஆனதும் சத்தம் அடங்கிவிடும், எனக்கும் வியாபாரம் அடங்கிவிடும். அந்த அரை மணி நேரம் என் கடைக்கும் நல்ல வரும்படிதான், அதை மறைப்பானேன்.

திறமையா, அதிர்ஷ்டமா என்ற வாதத்துக்கு வருகிறேன். சென்னை ரேஸ் கோர்ஸ் வழக்கில் 1996-ல் உச்ச நீதிமன்றம் குதிரைப் பந்தயத்தைத் திறமை ஆட்டம் என்றது. 2017-ல் பஞ்சாப்-ஹரியானா உயர் நீதிமன்றம் ட்ரீம் லெவனையும் அப்படியே சொன்னது. மும்பை, ராஜஸ்தான் நீதிமன்றங்களும் அதே வழியில் போயின. தீர்ப்புகளோடு எனக்குச் சண்டை இல்லை. பிட்ச் பார்த்து, பனி விழுமா பார்த்து, எந்த பவுலர் கடைசி ஓவர் போடுவான் என்று யோசித்து டீம் போடுவதில் திறமை இருக்கத்தான் செய்கிறது.

ஆனால் திறமை இருக்கிறது என்றால் என்ன பொருள்? திறமை குறைந்தவன் காசு, திறமை கூடியவனுக்குப் போகிறது என்று பொருள். லாட்டரியிலாவது எல்லோரும் ஒரே மாதிரி முட்டாள்கள். இதில் எதிரே யார் உட்கார்ந்திருக்கிறான் என்றே தெரியாது. அமெரிக்காவில் 2015 பேஸ்பால் சீசனின் முதல் பாதியை வைத்து ஒரு கணக்குப் போட்டார்கள். ஃபேன்டஸி ஆடியவர்களில் 1.3 சதவீதம் பேர் மொத்த லாபத்தில் 91 சதவீதத்தை அள்ளியிருந்தார்கள். கம்ப்யூட்டரில் புரோகிராம் போட்டு நூற்றுக்கணக்கில் டீம் இறக்குகிற ஆட்கள் அவர்கள். நம் நாட்டில் இப்படி ஒரு கணக்கை எந்தக் கம்பெனியும் ஆடுகிறவனிடம் காட்டியதில்லை. ஜெயித்தவன் செக்கோடு நிற்கிற போட்டோவைத்தான் காட்டினார்கள். ஆகவே திறமை ஆட்டம் என்பது கம்பெனிக்குக் கோர்ட்டில் கேடயமாக இருக்கலாம், நாற்பத்தொன்பது ரூபாய் போட்ட குடியாத்தம் பையனுக்கு அது கெட்ட செய்தி. இதை யாரும் அவனுக்குச் சொல்லவில்லை.

எங்கள் ஊருக்கு இன்னொரு வேடிக்கையும் உண்டு. காட்பாடியிலிருந்து சித்தூர் ரோட்டில் கொஞ்ச தூரம் போனால் கிறிஸ்டியான்பேட்டை, அதைத் தாண்டினால் ஆந்திரா. ஆந்திராவில் 2020-லேயே தடை. ஆப் லொகேஷன் பார்த்தது. அந்தப் பக்கம் நின்றால் பணம் கட்டும் போட்டி திறக்கவில்லை, இந்தப் பக்கம் வந்தால் திறந்தது. மதுக்கடைக்குத்தான் ஆட்கள் எல்லை தாண்டுவார்கள் என்று நினைத்திருந்தேன்.

தமிழ்நாடு சும்மா இருந்தது என்று சொல்ல மாட்டேன். 2021-ல் கொண்டுவந்த தடைச் சட்டத்தை அந்த ஆகஸ்டிலேயே சென்னை உயர் நீதிமன்றம் ரத்து செய்தது. பிறகு நீதிபதி சந்துரு குழு, அவசரச் சட்டம், ஆளுநர் திருப்பி அனுப்பிய மசோதா, 2023 மார்ச்சில் சட்டசபை மறுபடி நிறைவேற்றியது, ஏப்ரலில் ஒப்புதல் என்று பெரிய கதை நடந்தது. அந்தச் சட்டத்தில் பிறந்ததுதான் உங்கள் ஆணையம். 2025 பிப்ரவரியில் நீங்கள் போட்ட விதிகளைப் படித்தேன். பதினெட்டு வயசுக்குக் கீழ் கூடாது, ஆதார் சரிபார்ப்பு வேண்டும், நள்ளிரவு பன்னிரண்டிலிருந்து காலை ஐந்து வரை ஆட்டம் கிடையாது, எவ்வளவு செலவழித்தாய் என்று திரையில் எச்சரிக்கை வர வேண்டும். ஜூனில் உயர் நீதிமன்றமும் அவற்றைச் சரி என்றது. ராத்திரி ஒரு மணிக்குத் தோற்ற காசை மீட்கப் போய்த்தான் பெரிய தொகை எல்லாம் போகும், அதனால் அந்த நேரத் தடை ரொம்பச் சரியான விதி. யாரோ விஷயம் தெரிந்தவர் எழுதியிருக்கிறார் என்று நினைத்துக்கொண்டேன்.

அப்புறம் மூன்று மாதத்துக்குள் எல்லாம் மாறிவிட்டது. 2025 ஆகஸ்டில் நாடாளுமன்றம் இணையப் பண விளையாட்டு மொத்தத்துக்கும் தடை போட்டது. நடத்துபவருக்கு மூன்று ஆண்டு வரை சிறை, ஒரு கோடி வரை அபராதம். ஃபேன்டஸி, ரம்மி, போக்கர் பேதமே இல்லை. பெரிய ஆப்கள் எல்லாம் சில நாட்களில் பணப் போட்டிகளை நிறுத்தின. கிரிக்கெட் சட்டையிலிருந்து பெயரும் போனது. தடையை எதிர்த்த வழக்குகள் உச்ச நீதிமன்றத்துக்குப் போயின. ஆண்டுக்கு 45 கோடிப் பேர் சுமார் 20,000 கோடி ரூபாய் இழக்கிறார்கள் என்று மத்திய அரசு ஒரு மதிப்பீடு சொன்னது. வகுத்துப் பார்த்தால் தலைக்கு 450 ரூபாய்கூட வராது. இப்படிச் சராசரி போட்டால் யாருக்குமே நஷ்டம் இல்லாத மாதிரி ஆகிவிடும். எங்கள் தெருவில் நஷ்டப்பட்டவர்கள் எவரும் 450 ரூபாயோடு நிறுத்தவில்லை.

தடையால் நல்லதே நடக்கவில்லையா என்றால், நடந்தது. நாற்பத்தொன்பது ரூபாய்க் கூட்டம் பெரும்பாலும் கலைந்துவிட்டது. விளம்பரம் பார்த்து வந்தவர்கள் விளம்பரம் நின்றதும் போய்விட்டார்கள். 2003-ல் லாட்டரியை மூடியபோதும் இப்படித்தான், வழியில் நின்று ஒரு சீட்டு வாங்கிப் போனவன் நிறுத்திவிட்டான். நிறுத்த முடியாதவன் மூணு நம்பர் துண்டுச் சீட்டுக்குப் போனான். ஆம்பூர், வாணியம்பாடி, குடியாத்தம் பக்கம் காட்டன் என்கிற நம்பர் சூதாட்டத்தில் ஆட்கள் பிடிபட்ட செய்தியை இன்றைக்கும் பேப்பரில் பார்க்கிறோம். எங்களுக்குப் பழகிய பாதை இது.

இப்போதைய பாதைக்கு “ஐடி” என்று பெயர். வாட்ஸ்அப்பில் ஒரு நம்பர். அவன் ஒரு ஐடியும் பாஸ்வேர்டும் தருவான். அவன் சொல்லும் யுபிஐக்குப் பணம் போட்டால் பாயின்ட் ஏறும். ஃபேன்டஸிபோல டீம் போட்டுக் காத்திருக்க வேண்டியதில்லை. அடுத்த ஓவரில் எத்தனை ரன், அடுத்த விக்கெட் எப்போது, எல்லாவற்றுக்கும் கட்டலாம். ஆதார் இல்லை, வயசு இல்லை, நள்ளிரவுத் தடை இல்லை. ட்ரீம் லெவன் பழகிய அதே பையன்களைத்தான் டெலிகிராமில் ஜெயிக்கும் டீம் என்று சொல்லி “பிரைம் டீம்” விற்றுக்கொண்டிருந்த ஆட்கள் இங்கே அழைத்துப் போகிறார்கள்.

பணம் போடச் சொல்லும் யுபிஐ அடிக்கடி மாறும். போலீஸ் ஒரு கணக்கை முடக்கினால் அடுத்தது வேண்டும். அதற்குத்தான் கணக்கு வாடகை. பாஸ்புக், ஏடிஎம் கார்டு, அதோடு இணைத்த சிம், மூன்றையும் சேர்த்துக் கொடுத்தால் சில ஆயிரம் கையில் தருவார்கள். எங்களைப் போன்ற கடைக்காரர்களுக்கு இது முதலில் தெரிந்துவிடும். புதுசாகக் கணக்கு திறந்த பையன் ஏற்கெனவே சிம் இருக்கும்போது தன் பெயரில் இன்னொன்று கேட்பான், போடுவதற்குப் போன் கொண்டு வந்திருக்க மாட்டான்.

கே.வி.குப்பம் பக்கத்திலிருந்து பீடி சுற்றும் ஒரு அம்மா கடைக்கு வந்தார். “இன்னா தம்பி, பேங்குல பணம் எடுக்க முடியாதுன்றாங்க, இதுல மெசேஜ் இன்னா வந்துக்குதுன்னு பாரு” என்று போனை நீட்டினார். பார்த்தேன். வெளிமாநில சைபர் கிரைம் போலீஸ் சொல்லி கணக்கு முடக்கப்பட்டிருந்தது. மகளிர் உரிமைத் தொகை ஆயிரம் ரூபாய், பீடிக் கூலி, குழு லோன் கட்ட வைத்திருந்தது, எல்லாம் அதில்தான். மகன் அம்மாவின் கார்டையும் பழைய சிம்மையும் எடுத்து யாருக்கோ கொடுத்திருக்கிறான். அவருக்குக் கையெழுத்துப் போடத் தெரியும், அந்தக் கணக்கில் ஒரே வாரத்தில் வந்து போன லட்சங்களை எண்ணச் சொன்னால் தெரியாது. போலீசில் சொல்லுங்கள் என்றேன். “புள்ளய புடிச்சிக்கினு போயிட்டா?” என்றார். பதில் சொல்ல என்னிடம் ஒன்றும் இல்லை.

அந்தப் பயத்துக்குக் காரணம் இருக்கிறது. மத்தியச் சட்டம் ஆடுகிறவனைத் தண்டிப்பதில்லை. நம் மாநிலச் சட்டத்தில் இணையச் சூதாட்டம் ஆடுகிறவனுக்கு மூன்று மாதம் வரை சிறை, ஐயாயிரம் வரை அபராதம் இருக்கிறது. காசு போனவன் வாயைத் திறந்தால் அவனே குற்றவாளி. கணக்கைக் கொடுத்தவனுக்கு அதைவிடப் பெரிய வழக்கு. இப்படி இருந்தால் யார் வந்து புகார் கொடுப்பார்கள்? ஐடி விற்பவனுக்கு இதைவிட நல்ல காவல் வேறு என்ன வேண்டும்?

எனவே உங்களிடம் கேட்பது இது. தானாக முன்வந்து சொல்கிற ஆட்டக்காரன்மேல் வழக்குப் போட மாட்டோம் என்று அரசிடம் பேசி ஒரு அறிவிப்பு வாங்குங்கள். கணக்கை வாடகைக்குக் கொடுத்தவன் பணம் போன இடத்தைக் காட்டினால் அவனை எப்படி நடத்துவீர்கள் என்பதையும் அதில் எழுதுங்கள். சைபர் மோசடிக்கு 1930 இருக்கிறது, ஆனால் அது காசு போனவன் அவசரத்துக்குக் கூப்பிடும் எண். தன் கணக்கு தவறான கையில் இருக்கிறது என்று சொல்ல ஒரு தாய்க்கு வேலூரில் ஒரு மேஜை வேண்டும். ஆணையம் சென்னையில் இருக்கிறது, வேலூரும் ராணிப்பேட்டையும் திருப்பத்தூரும் மூன்று மாவட்டமாகப் பிரிந்து கலெக்டர் அலுவலகங்களும் மூன்றாகிவிட்டன. மூன்றில் ஏதாவது ஒன்றில் வாரம் ஒரு நாள் உங்கள் ஆள் உட்கார்ந்தாலே போதும்.

காலேஜ்களில் சூதாட்டம் தீது என்று போஸ்டர் ஒட்ட வேண்டாம். “உன் ஏடிஎம் கார்டைக் கொடுத்தால் வெளிமாநிலப் போலீஸ் உன் வீட்டுக்கு வரும்” என்று ஒரு வரி எழுதி, கணக்கு திறக்கும் நாளில் பேங்க் கவுன்டரிலேயே கையில் கொடுக்கச் சொல்லுங்கள். அந்த வயசுக்கு நீதி போதனை ஏறாது, வழக்கு என்றால் ஏறும்.

இன்னொன்று. நாளைக்கே உச்ச நீதிமன்றம் ஃபேன்டஸியைத் திரும்ப அனுமதித்தால் நீங்கள் தயாராக இருக்க வேண்டும். மறுபடி திறமையா அதிர்ஷ்டமா என்று வருஷக்கணக்கில் வாதாட வேண்டாம். அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் மாநிலம் 2016-ல் போட்ட விதிகளை எடுத்துப் பாருங்கள். 21 வயசு, மாதம் ஆயிரம் டாலர் டெபாசிட் வரம்பு, அனுபவசாலி ஆட்டக்காரர்களின் பெயருக்குப் பக்கத்தில் அடையாளம், புதியவர்களுக்கென்று அவர்கள் நுழைய முடியாத தனிப் போட்டிகள். இந்த அடையாளம் நமக்கு அவசியம் வேண்டும். கூடவே, போன சீசனில் இத்தனை பேர் பணம் கட்டினார்கள், இத்தனை பேருக்குத்தான் போட்டதைவிட அதிகம் வந்தது என்ற கணக்கைப் பணம் கட்டும் பொத்தானுக்கு மேலேயே போட வைக்க வேண்டும். கம்பெனிகள் மறுக்கும். மறுத்தால் அனுமதி கிடையாது என்று சொல்ல உங்களுக்கு அதிகாரம் வேண்டும், அதைச் சட்டத்தில் இப்போதே கேட்டு வாங்கி வையுங்கள்.

செல்போன் கடைக்காரர்களை ஒருமுறை கூப்பிட்டுப் பேசுங்கள். “தெரியாத யுபிஐக்குப் பணம் அனுப்புவதில்லை” என்று என் கடையில் எழுதி ஒட்டியிருக்கிறேன், அடுத்த கடைக்குப் போகிறார்கள். எல்லாக் கடையிலும் ஒட்டச் சொல்லி உங்கள் முத்திரையோடு வந்தால் அது வேறு. ஞாயிற்றுக்கிழமை மதியத்துக்கு மேல் பெரும்பாலும் கடைகள் சாத்தியிருக்கும், அந்த நேரத்தில் வைத்தால் நிறையப் பேர் வருவார்கள்.

இப்படிக்கு,
காட்பாடி செல்போன் கடைக்காரன் ஒருவன்