‘மற்றும் பலரில்’ அப்பாவைத் தேடித் தந்தவர்களுக்கு

அப்பா போய் நேற்றோடு நாற்பது நாள். துக்கம் கேட்க வந்தவர்களுக்கு நேரிலேயே நன்றி சொல்லிவிட்டேன். இது வேறொரு கடன்.

கண்ணீர் அஞ்சலி போஸ்டர் அடிக்கப் போன தம்பியிடம் அச்சகத்தில், “எந்தப் படத்துப் பேரைப் போடட்டும்?” என்று கேட்டார்கள். அவன் எனக்கு போன் செய்தான். எனக்கும் சட்டென்று சொல்லத் தெரியவில்லை. ‘பசி’ நாராயணன், ‘பூ’ ராமு என்று படத்தின் பெயரே இனிஷியலாகிப் போனவர்கள் உண்டு. முப்பது வருஷத்துக்கு மேல் நடித்தும் அப்பாவுக்கு அப்படி ஒரு படம் அமையவில்லை. ‘மற்றும் பலர்’ என்று டைட்டிலில் வருமே, அந்தப் பலரில் ஒருவர் அவர்.

பீரோவில் பதினோரு டைரிகள் இருந்தன. “புரொடக்‌ஷன் நம்பர் 3. ஏவிஎம் ஸ்டுடியோ. டாக்டர். 2 சீன். பேட்டா வந்தது.” பக்கத்துக்குப் பக்கம் இப்படித்தான். படத்துக்குப் பெயர் வைக்கும்வரை அந்த நம்பர்தான் பெயர். பெயர் வைக்கும் முன்பே அப்பாவின் வேலை முடிந்திருக்கும். பெயர் வைக்கும்போது அவர் வேறொரு கம்பெனியில் நீதிபதியாக உட்கார்ந்திருப்பார். நம்பரை வைத்துக்கொண்டு படத்தை எங்கே தேடுவது?

முதல் நன்றி, சாலிகிராமத்து காஸ்ட்யூமர் அண்ணனுக்கு. கண்ணில் புரை விழுந்த நிலையிலும் இரண்டு நாள் எங்கள் வீட்டுக் கூடத்தில் உட்கார்ந்து பழைய படங்களை ஓட்டி ஓட்டிப் பார்த்தார். முகத்தை அவர் தேடவே இல்லை, கோட்டைத்தான் தேடினார். “சின்ன வேஷத்துக்கு அவங்கவங்க துணிதாம்மா. கம்பெனி கோட்டுன்னா உங்கப்பாவுக்குக் கை பத்தாது.” டாக்டர், வக்கீல், பெண்ணின் தகப்பன் எல்லோருக்கும் அதே ஒரு கறுப்புக் கோட்டு. மூன்றாவது பொத்தான் மட்டும் பழுப்பு நிறம், அம்மா தைத்தது. அந்தப் பொத்தானை வைத்தே பதினேழு படங்கள் பிடிபட்டன.

டப்பிங் யூனியனில் இருந்த பெரியவர் ஒருவர் போனிலேயே நாலு படம் சொன்னார். “உங்கப்பா வாய்க்கு நான்தாம்மா பேசினேன்.” சின்ன வேஷக்காரரை டப்பிங்குக்குக் கூப்பிட்டால் அதற்குத் தனியாகக் காசு தர வேண்டும். இவர் ஒரே நாளில் நாலைந்து பேருக்குப் பேசிவிட்டுப் போய்விடுவார். அப்பா திரையில் பேசுவதை நான் கேட்டது பெரும்பாலும் இவர் குரலில்தான் என்பது இந்த வயதில் தெரிய வருகிறது. ஐயா, உங்களை ஒருமுறை நேரில் பார்க்க வேண்டும்.

1993-இல் சன் டிவி வந்த பிறகு சீரியல்கள் அப்பாவை நடுவீட்டுக்குக் கொண்டுவந்தன. கேமராவுக்குப் பின்னாலிருந்து உதவி இயக்குநர் வசனம் சொல்லிக் கொடுப்பது அப்பாவுக்கு ஆகாது. சபா நாடகத்தில் மனப்பாடம் பண்ணி வளர்ந்தவர். “பிராம்ப்ட் வேணாம்ப்பா, பேப்பரைக் கொடு” என்பாராம். அப்படிக் கொடுத்த காகிதங்களில் முப்பதைப் பத்திரமாக வைத்திருந்து கொண்டுவந்து தந்த உதவி இயக்குநர் தம்பிக்கு நன்றி. ஓரங்களில் அப்பாவின் பென்சில் குறிகள் இருக்கின்றன.

2020 மார்ச்சில் படப்பிடிப்புகள் நின்றன. மறுபடி தொடங்கியபோது வயதானவர்களைக் கூப்பிடத் தயங்கினார்கள். அந்த மாதங்களில் அரிசி மூட்டையை வாசலில் வைத்துவிட்டு மணி அடிக்காமல் போன புரொடக்‌ஷன் மேனேஜர் யார் என்று எங்களுக்குத் தெரியும். பெயர் எழுதக்கூடாது என்று சொல்லிவிட்டார். பேட்டா பாக்கி வைத்தவர்களும் டைரியில் இருக்கிறார்கள். அவர்களுக்கு வேறு மடல்.

இதுவரை சேர்ந்தவை 63 படங்கள், 14 சீரியல்கள். இன்னும் ஒன்பது வரிகள் பிடிபடவில்லை. அதில் ஒன்று: “புரொடக்‌ஷன் நம்பர் 1. மலைக்கோயில். பூசாரி. வசனம் இல்லை. மழையால் பேக்கப். மறுநாளும் வரச் சொன்னார்கள்.” விபூதித் தட்டோடு நனைந்து நிற்கும் ஒல்லியான பூசாரியை எந்தப் படத்திலாவது பார்த்தவர்கள் இருந்தால் சொல்லுங்கள். அன்று கோட்டு இல்லை, அதனால் காஸ்ட்யூமர் அண்ணனாலும் முடியவில்லை.