தொட்டிக்குத் தண்ணீர் ஊற்ற ஆள் வேண்டாம்

தங்கச்சிமடம்,
ஐப்பசி கடைசி

அன்பு மகளுக்கு,

இங்கே எல்லோரும் நலம். அம்மாவுக்கு முழங்கால் வலி அப்படியேதான். நீ அனுப்பிய படம் வந்தது. இஞ்சிச் செடி இலையெல்லாம் மஞ்சளாகிச் சாய்கிறது, தூக்கிப் போட்டுவிடவா என்று கேட்டிருந்தாய். போடாதே.

கடைக்காரர் இஞ்சி என்று கொடுத்திருந்தாலும், கோடையில் நீ காட்டிய ரோஸ் பூவைப் பார்த்தபோதே தெரிந்தது, அது சயாம் துலிப். மஞ்சளுக்குப் பங்காளி. தாய்லாந்து, கம்போடியா பக்கத்துச் செடி. (ரோஸாக இருப்பது பூ இல்லை, செதில் இலை. அதன் கீழ் மடிப்பில் ஊதாவாகச் சின்னதாய் எட்டிப் பார்க்குமே, அதுதான் பூ.) அங்கே மழைக்காலம் முழுக்க வளர்ந்து பூத்துவிட்டு, மழை நின்றதும் மேலே காய்ந்து, கிழங்கு மட்டும் மண்ணுக்குள் கிடக்கும். ஜெர்மனியில் இப்போது பகல் குறைந்துவிட்டதல்லவா, அதனால்தான் இலையை விடுகிறது. தை மாதம் பெரியத்தை ஊரில் மஞ்சள் கொல்லை காய்ந்து கிடப்பதை நீ பார்க்காததா?

ஆனால் இலை நுனி பழுப்பாகக் கருகியிருக்கிறதே, அது வேறு விஷயம். ஹீட்டருக்குப் பக்கத்தில் வைத்திருக்கிறாய். அந்தக் காற்றில் ஈரமே இருக்காது. நம் மல்லிகைக்கு வெயில் காலத்தில் செஞ்சிலந்தி வருவது மாதிரி அதற்கும் வரும். இலையைத் திருப்பிப் பார். அடியில் மெல்லிய நூலாம்படையும் பொடிப் புள்ளியும் தெரிந்தால் ஈரத்துணியால் துடைத்துவிடு. தொட்டியின் தட்டில் தண்ணீர் தேங்கி நிற்பதையும் கண்டேன். எனக்குப் பயம் அதுதான். இலை விழ விழத் தண்ணீரைக் குறை, முழுக்கக் காய்ந்ததும் நிறுத்திவிடு. காய்ந்த தண்டை மண் மட்டத்தில் நறுக்கிவிட்டு, 15 டிகிரிக்குக் கீழே போகாத மூலையில் தொட்டியை அப்படியே வை. குளிர்ந்த ஈரமண்ணில் கிழங்கு அழுகிப் போகும். காய்ந்த மண்ணில் ஒன்றும் ஆகாது.

பாப்பா, நீ எழுதிய ஒரு வரியை அம்மா திரும்பத் திரும்ப வாசிக்கச் சொல்கிறாள். "டிசம்பரில் வர முடியாது, செடிகளுக்குத் தண்ணீர் ஊற்ற ஆள் இல்லை." தம்பி நிச்சயத்துக்கு நீ மட்டும் வந்தபோது மாப்பிள்ளைதானே ஊற்றினார். இப்போது அவருக்கு வேலை கூடியிருக்கும் என்று அம்மாவிடம் சொன்னேன். படத்தில் ஜன்னலோரம் அவர் சைக்கிளையும் காணோம் என்கிறாள். குளிர்காலம், கீழே வைத்திருப்பார் என்றேன்.

நாற்றுக்கட்டுச் சுமந்து பிழைக்கும் இந்தத் தெருவிலிருந்து அவ்வளவு தூரம் படிக்கப் போனவள் நீதான். அதை நான் யாரிடம் சொல்லாமல் இருந்திருக்கிறேன்? நீ பாவாடை கட்டிய வயதில் நட்ட மல்லிகைக் குச்சிகூடப் பழுதாகாது, ஆட்களே சொல்வார்கள். அப்படிப்பட்ட பிள்ளை, செடிக்குப் படம் எடுத்து அனுப்புகிறாய், உன்னைப் பற்றி ஒரு வரி எழுத மாட்டேன் என்கிறாய். அம்மா கூப்பிட்டால் மீட்டிங். ராத்திரியிலுமா மீட்டிங்?

சரி, விடு. வாடை தொடங்கிவிட்டது. பாம்பனில் கூண்டு ஏற்றியிருக்கிறார்கள், படகு எதுவும் போகவில்லை. தம்பி கல்யாணப் பேச்சு பற்றி எழுத நிறைய இருக்கிறது. ஆனால் மனசு அந்தத் தொட்டியைவிட்டு நகர மாட்டேன் என்கிறது. மறுபடியும் சொல்கிறேன், தட்டில் தண்ணீர் நிற்கக் கூடாது. ஏப்ரலில் பகல் நீண்டு சூடு வந்ததும் கிழங்கை எடுத்துப் புது மண்ணில் இரண்டு அங்குல ஆழத்தில் வை. அடியில் உருண்டை உருண்டையாகத் தொங்கும் வேரை ஒடித்துவிடாதே, அதன் சாப்பாடு அதில்தான் இருக்கிறது. நல்ல வெளிச்சமான ஜன்னலாகப் பார்த்து வை. துளிர் காணும்வரை தண்ணீர் கொஞ்சமாக, அப்புறம் தாராளமாக. முளைக்க நாளாகும், அவசரப்பட்டுத் தோண்டிப் பார்க்காதே.

ஆகையால் டிசம்பரில் அந்தத் தொட்டிக்கு ஆளே வேண்டாம். ஒரு சொட்டுத் தண்ணீர் வேண்டாம். மற்ற செடிகளைப் பக்கத்து வீட்டில் கொடுத்துவிட்டு வா. போன தடவை பாம்பன் பாலத்தில் ரயில் இல்லாமல் மண்டபத்தில் இறங்கி பஸ் பிடித்து வந்தாய். 2025 ஏப்ரலில் புதுப் பாலம் திறந்தாயிற்று, நீ இன்னும் அதைப் பார்க்கவில்லை. ரயில் வேண்டாம் என்றால் தம்பி மதுரை ஏர்போர்ட்டுக்கு வண்டி கொண்டு வருவான். டிக்கெட்டுக்குப் பணம் நான் போடுகிறேன், அதைப் பற்றிப் பேச்சே வேண்டாம். தேதியையும் எத்தனை பேர் என்பதையும் மட்டும் எழுது. நீ ஒருத்தி என்றாலும் வண்டி வரும்.

இப்படிக்கு,
அப்பா